அன்பைக் கேட்பதற்கு முன் கணக்கைக் கொடுங்கள்

கேள்வி: மஸ்கெலியா பக்கம் ஒரு தோட்டத்தில் இருக்கிறேன். வயது 38, ஓட்டோ ஓடுகிறேன். நாங்கள் காதலித்துக் கல்யாணம் முடித்தவர்கள். மகளுக்கு 12 வயது, மகனுக்கு 6. 2022இல் சாமான் விலையெல்லாம் ஏறி, கடனும் கூடிப்போனதால் மனைவி குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனா. அப்போது மகனுக்கு மூன்று வயதுகூட நிறையவில்லை. போன தீபாவளிக்கு முந்தி திரும்பி வந்தா. வந்ததிலிருந்து பழைய ஆள் இல்லை. சமைக்கிறா, துவைக்கிறா, பிள்ளைகளைப் பார்க்கிறா. என்னோடு மட்டும் பேச்சில்லை. ராத்திரி மகளோடு போய்ப் படுத்துக்கொள்கிறா. கிட்டப் போனால் ‘களைப்பா இருக்கு’ என்கிறா. எந்நேரமும் போனில் யாரோடாவது பேச்சு. ஒரு நாள் அவ தூங்கும்போது போனை எடுத்துப் பார்த்தேன். தப்பாக ஒன்றும் இல்லை. ஆனால் நான் பார்த்ததை அவ கண்டுவிட்டா. அதோடு இருந்த பேச்சும் நின்றது. ‘நான் அனுப்பின காசெல்லாம் எங்க?’ என்று ஒருமுறை கேட்டா. ‘காம்பரா கட்டியிருக்கேன், ஓட்டோ எடுத்திருக்கேன், கண்ணு தெரியலையா? நீ அங்க என்ன செஞ்சேன்னு நான் கேட்டேனா?’ என்று கத்திவிட்டேன். உண்மையைச் சொன்னால், கொஞ்சக் காசு குடிக்கத் தவறணைக்கும் போனது. அவவுடைய ஒரு சோடிக் காப்பு அடகில் இருக்கிறது, அது அவவுக்குத் தெரியாது. யாரோ செய்வினை செய்துவிட்டார்கள் என்று அம்மா குறி சொல்லும் கோடாங்கி வரைக்கும் போய்ப் பார்த்துவிட்டார். நான் ஒருநாளும் கைநீட்டியதில்லை. அவ பழையபடி ஆக நான் என்ன செய்ய வேண்டும்? உங்கள் பதிலை அவவுக்குக் காட்டலாமா?

(கடிதம் சுருக்கப்பட்டுள்ளது.)

பதில்:

அன்புள்ள தம்பி,

உங்கள் முழுக் கடிதத்தில் மனைவியின் மாற்றங்கள் பக்கம் பக்கமாக இருக்கின்றன. தவறணைக்கும் காப்புக்கும் சேர்த்து இரண்டே வரி. என் பதில் அந்த இரண்டு வரியிலிருந்துதான் தொடங்குகிறது. அதை மறைக்காமல் எழுதினீர்களே, அதனால்தான் இந்தக் குடும்பம் நிமிரும் என்ற நம்பிக்கை எனக்கு வருகிறது.

மனைவி ‘பழையபடி’ ஆக வேண்டும் என்கிறீர்கள். அது நடக்காது. இதைச் சொல்லி உங்களை வருத்துவது என் நோக்கமில்லை, ஆனால் இதை ஏற்காமல் அடுத்த படிக்குப் போக முடியாது. 2022இல் விமானம் ஏறியவர் வேறு, வந்து இறங்கியவர் வேறு. அந்த ஒரு வருடத்தில் மட்டும் இலங்கையிலிருந்து மூன்று இலட்சத்துக்கும் அதிகமானோர் வெளிநாட்டு வேலைக்குப் பதிந்து போனார்கள். மா விலையும் எரிவாயு விலையும் ஏறிய வேகத்தில் எத்தனையோ தோட்டத்து லய வீடுகளில் அடுப்பு எரிந்தது அப்படிப் போன பெண்களின் காசில்தான். உங்கள் வீட்டிலும் அதுதான் நடந்தது. அவர் இல்லாத வருடங்களில் நீங்களும் மாறித்தான் போனீர்கள். கேள்வி கேட்க ஆளில்லாமல் காசைக் கையாளப் பழகிவிட்டீர்கள். மாறிப்போன இரண்டு பேர் ஒரே கூரைக்குள் இருந்துகொண்டு, ஒருவர் மற்றவரிடம் பழைய ஆளைத் தேடுகிறீர்கள்.

இனி அந்த வாக்கியத்துக்கு வருகிறேன். ‘நீ அங்க என்ன செஞ்சேன்னு நான் கேட்டேனா?’ கோபத்தில் வந்துவிட்டது என்பீர்கள். மத்திய கிழக்கிலிருந்து திரும்பும் பெண்கள் மீது நம் தோட்டங்களில் வீசப்படும் முதல் கல் இதுதான். பைப்படியில் வீசுவார்கள், கோயில் திருவிழாவில் வீசுவார்கள். சொந்தக்காரர் சிரித்துக்கொண்டே வீசுவார்கள். ஊரார் வீசும்போது ‘என் புருஷன் இருக்கிறார்’ என்று ஒரு பெண் நிமிர்ந்து நிற்கலாம். அதே கல்லைப் புருஷனே எடுத்தால் அவர் எங்கே போவார்? அவர் கேட்டது காசைப் பற்றி. நீங்கள் பதிலாகத் தொட்டது அவருடைய மானத்தை. இது எனக்குக் கோபத்தைத் தந்தது என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

அமெரிக்காவில் ஜோன் கொட்மன் என்ற உளவியலாளர் பல பத்தாண்டுகளாகத் தம்பதிகளைப் பேசவிட்டு அவதானித்தவர். எந்தத் தம்பதி பிரியும் என்பதைக் காட்டும் அடையாளங்களில் அவர் முதலிடத்தில் வைப்பது ஏளனத்தை. சண்டை பிடிக்கிறவர்கள் எல்லோரும் பிரிவதில்லை. துணையைக் கீழாக வைத்துப் பேசும் பழக்கம்தான் உறவை அரிக்கிறது. உங்கள் வாக்கியம் அந்த வகையைச் சேர்ந்தது. அதற்கு நீங்கள் தனியாக மன்னிப்புக் கேட்க வேண்டும். காசுக்கான மன்னிப்போடு சேர்த்துக் கேட்டால் அது கரைந்துபோகும்.

போனைப் பார்த்தது ஏன் இவ்வளவு பெரிதானது என்று நீங்கள் யோசித்திருக்க மாட்டீர்கள். குவைத்தில் வீட்டுப் பணியாளருக்கென 2015இல் ஒரு சட்டம் வந்தது. நாளுக்கு 12 மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது, வாரத்தில் ஒரு நாள் ஓய்வு, கடவுச்சீட்டை எசமான் வைத்துக்கொள்ளக் கூடாது என்றெல்லாம் அதில் இருக்கிறது. ஆனால் வீட்டுக்குள் நடப்பது வீட்டுக்காரருக்குத்தான் தெரியும். என்னிடம் ஆலோசனைக்கு வரும் பெண்களில் பலர் சொல்வது, அங்கே தங்களுக்கென்று இருந்த ஒரே இடம் அந்தக் கையளவு போன்தான் என்பது. படுக்கை குழந்தைகளின் அறையில், அலுமாரிச் சாவி மேடத்தின் கையில், வெளியே போக அனுமதி வேண்டும். ராத்திரி பதினொரு மணிக்குப் போர்வைக்குள் போனைத் திறந்தால்தான் மகளின் முகம், அக்காவின் குரல், பக்கத்து வீட்டில் வேலை செய்யும் ஊர்ப் பிள்ளையின் ஆறுதல். உங்கள் மனைவியும் அப்படித்தான் இருந்தார் என்று நான் அடித்துச் சொல்லவில்லை, அவரைக் கேட்டால்தான் தெரியும். அப்படி இருந்திருந்தால், அந்த ஒரே இடத்துக்குள்ளும் நீங்கள் திருட்டுத்தனமாக நுழைந்திருக்கிறீர்கள். அவர் இப்போது போனில் பேசுவதும் பெரும்பாலும் அந்த மூன்று வருடத்தைப் புரிந்துகொள்ளக்கூடியவர்களோடு இருக்கலாம். இந்த லயத்தில் அவருக்கு அப்படி ஒரு ஆள் இன்னும் கிடைக்கவில்லை.

சரி, என்ன செய்வது?

கணக்கு எழுத ஒரு தடித்த சி.ஆர். கொப்பி வாங்குங்கள். வங்கிப் புத்தகம், காசு வந்த துண்டுகள், லீசிங் கட்டிய பற்றுச்சீட்டு, அடகுச்சீட்டு எல்லாவற்றையும் எடுத்து வைத்து, அவர் குவைத்துக்குப் போன அந்த மாதத்திலிருந்து எழுதிக்கொண்டு வாருங்கள். ஒரு பக்கம் வந்தது, ஒரு பக்கம் போனது. சீமெந்துக்கு இவ்வளவு, தகரத்துக்கு இவ்வளவு, மேசன் பாஸுக்குக் கூலி இவ்வளவு, பிள்ளைகளின் சப்பாத்து, அம்மாவின் மருந்து, ஓட்டோவுக்குக் கட்டியது. குடித்ததை ‘குடித்தது’ என்றே எழுதுங்கள். ‘வீட்டுச் செலவு’ என்று எழுதினால் அந்த ஒரு வரிக்காக முழுக் கொப்பியையும் அவர் நம்ப மாட்டார். ஞாபகம் இல்லாத தொகையை ‘ஞாபகம் இல்லை’ என்று எழுதுங்கள். காப்பை எப்போது வைத்தீர்கள், எவ்வளவுக்கு, இப்போது வட்டியோடு எவ்வளவு, மீட்க எத்தனை மாதம் ஆகும் என்பதற்கு ஒரு முழுப் பக்கம் விடுங்கள்.

நியாயமாகச் செலவான பணமும் இதில் நிறைய இருக்கும். காம்பரா கட்டியது பொய்யில்லை. ஆனால் அந்தக் காம்பராவைக் காட்டி நீங்கள் மற்றதை மூடப் பார்த்தீர்கள். கொப்பியில் இரண்டும் அதனதன் இடத்தில் இருக்கும்போது, நீங்கள் நல்லதும் செய்திருக்கிறீர்கள் என்பதை அவரே காண்பார். அதை நீங்கள் எடுத்துச் சொல்ல வேண்டாம்.

எங்கே வைத்துச் சொல்வது என்பதும் முக்கியம். லயத்து வீட்டில் இந்தச் சுவரில் இருமினால் அந்த வீட்டில் கேட்கும். இஸ்தோப்பில் அம்மா, உள்ளே பிள்ளைகள். புருஷனும் பொண்டாட்டியும் தனியாக நாலு வார்த்தை பேச இடமில்லாமலேதான் நம் தோட்டங்களில் தலைமுறைகள் வாழ்ந்திருக்கின்றன. இதைக் குடும்பப் பிரச்சினை என்று யாரும் எண்ணுவதில்லை, ஆனால் பேசித் தீர்க்கக்கூடிய எத்தனையோ மனக்கசப்பு இடமில்லாததாலேயே முற்றிப்போவதை நான் காண்கிறேன். உங்களிடம் ஓட்டோ இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை ஹயர் போகாதீர்கள். ‘உன்னோட ஒரு விஷயம் பேசணும், பிள்ளைங்க அம்மாவோட இருக்கட்டும், ரெண்டு பேரும் டவுன் பக்கம் போயிட்டு வருவோமா?’ என்று முதல் நாளே கேளுங்கள். மாட்டேன் என்றால் வற்புறுத்த வேண்டாம், அடுத்த வாரம் மறுபடி கேட்கலாம். வந்தால் மவுசாகலை நீர்த்தேக்கம் தெரியும் ஏதாவது ஓரமாக வண்டியை நிறுத்திக்கொள்ளுங்கள்.

பேச்சை இப்படித் தொடங்கலாம்: ‘நீ காசப் பத்திக் கேட்டப்ப நான் கத்தினேன். கணக்கு சரியா இல்லாததாலதான் கத்தினேன். இதுல எல்லாம் எழுதியிருக்கேன். குடிச்சதும் இருக்கு. உன் காப்பையும் அடகு வச்சிருக்கேன், உன்கிட்ட சொல்லல.’ இதோடு நிறுத்துங்கள். ‘ஆனா நீயும்…’ என்று வாயில் வரும். அதை அடக்குவதுதான் அன்றைக்கு உங்கள் வேலை முழுவதும். ‘நான் தனியா ரெண்டு பிள்ளையளோட கஷ்டப்பட்டேன்’ என்பதும் உண்மைதான். அதற்கு வேறொரு நாள் இருக்கிறது.

அவர் அழலாம், ஏசலாம், ஒன்றும் பேசாமல் இருக்கலாம். காப்பு விஷயம் கேட்டு உடைந்துபோகலாம். நீங்கள் கேட்டுக்கொண்டிருங்கள். உங்களுக்கு நெஞ்சு படபடத்து, காது அடைத்து, கத்த வேண்டும் போல வந்தால் அது உடம்பு எழுப்பும் எச்சரிக்கை. நாடித்துடிப்பு நிமிடத்துக்கு 100ஐத் தாண்டும் நிலையில் மனிதனுக்கு மற்றவர் சொல்வது சரியாக ஏறாது என்பதைக் கொட்மனின் ஆய்வுகள் காட்டுகின்றன. உடம்பு தணியக் குறைந்தது 20 நிமிடம் வேண்டும். ‘எனக்குப் படபடன்னு வருது, கொஞ்சம் நடந்துட்டு வாறேன், வந்து பேசுவோம்’ என்று சொல்லிவிட்டு நடங்கள். சொன்னபடி திரும்பி வாருங்கள். இத்தனை நாளும் சண்டை வந்ததும் எழுந்து எங்கே போனீர்கள் என்று அவருக்குத் தெரியும். இந்த முறை நீங்கள் திரும்பி வந்து உட்காருவதே அவருக்கு ஒரு பதில்.

‘நீ அங்க என்ன செஞ்சே’ என்ற வாக்கியத்துக்கான மன்னிப்பைத் தனியாகக் கேளுங்கள் என்றேன், அதை இன்னொரு நாள் கேளுங்கள். அப்போது, ‘அங்க நடந்தத நீ சொல்லணும்னு நான் கேட்க மாட்டேன். நீயா சொல்லணும்னு தோணினா எப்ப வேணும்னாலும் கேட்பேன்’ என்று சொல்லுங்கள். அவர் அங்கே அவமானமோ அடியோ அதைவிட மோசமானதோ பட்டிருக்கலாம், ஒன்றுமே நடக்காமல் வெறும் களைப்பாகவும் இருக்கலாம். துருவித் துருவிக் கேட்டால் இரண்டு நிலையிலும் அவர் வாயை மூடிக்கொள்வார். சொல்ல முன்வந்தால் நடுவில் புகுந்து ‘ஏன் அப்பவே சொல்லல’ என்று கேட்காதீர்கள். இரவில் திடுக்கிட்டு எழுவது, தொட்டால் உடம்பு விறைப்பது, காரணமின்றி அழுவது போல ஏதாவது கண்டால், அது உங்கள் இருவராலும் மட்டும் சமாளிக்கக்கூடியதல்ல. பிரதேச செயலகத்தில் உளவளத்துணை உத்தியோகத்தர் இருப்பார். காசு கேட்க மாட்டார்கள், வெளியே சொல்லவும் மாட்டார்கள். தேசிய மனநல நிறுவகத்தின் 1926 இலக்கத்துக்கும் எடுத்துப் பேசலாம்.

மகன் விஷயம் நீங்கள் முழுக் கடிதத்தில் ஒரு ஓரமாக எழுதியது: அப்பாயியை ‘அம்மா’ என்கிறான், பெற்றவரை ‘குவைத்தம்மா’ என்கிறான். வீட்டில் எல்லோரும் சிரிக்கிறீர்களாம். தம்பி, அந்தச் சிரிப்பை இன்றோடு நிறுத்துங்கள். அந்தப் பிள்ளைக்குச் சோறு வாங்கிக் கொடுக்கத்தான் அவர் போனார். அவனை அடித்தோ மிரட்டியோ ‘அம்மான்னு கூப்பிடு’ என்று சொல்லவும் வேண்டாம். குளிப்பாட்டுவது, ராத்திரி சோறு ஊட்டுவது, பாடசாலைக்குக் கூட்டிப்போவது ஆகியவற்றை மெதுவாக அவர் கைக்கு மாற்றுங்கள், பெயர் தானாக வரும். மகளோடு அவர் படுத்துக்கொள்வதை உங்களை ஒதுக்குவதாக மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டாம். தாய் இல்லாத வீட்டில் அந்தப் பிள்ளை வயதுக்கு மீறிய வேலை பார்த்திருக்கும். அதற்கும் தாய் வேண்டும். இன்னொன்று: குவைத்தில் அவர் வளர்த்த பிள்ளையின் படம் போனில் இருந்து, அதைப் பார்த்து அவர் கண் கலங்கினால், ‘அது யாரோ வீட்டுப் பிள்ளை’ என்று சொல்லிவிடாதீர்கள். தன் பிள்ளைக்குக் கொடுக்க முடியாததை மூன்று வருடம் அதற்குத்தான் கொடுத்திருப்பார். பெயர் என்ன, இப்போது எத்தனை வயது என்று கேளுங்கள்.

இப்படிச் சின்னச் சின்னதாகக் காது கொடுப்பதில்தான் நெருக்கம் திரும்புகிறது. புதுமணத் தம்பதிகளை அவதானித்து, ஆறு வருடம் கழித்து அவர்களைத் தேடிப்போய்ப் பார்த்த கொட்மனின் ஆய்வு ஒன்று இருக்கிறது. சேர்ந்து வாழ்ந்தவர்கள், துணை ஏதாவது சொன்னபோதோ காட்டியபோதோ நூற்றுக்கு 86 தடவை திரும்பிப் பார்த்தவர்கள். பிரிந்துபோனவர்களிடம் அது வெறும் 33. ‘மழை இருட்டிட்டு வருது’ என்று அவர் சும்மா சொன்னாலும் நிமிர்ந்து ‘ஆமா, துணிய எடுக்கவா?’ என்று கேளுங்கள். படுக்கையைப் பற்றி இப்போதைக்குப் பேச வேண்டாம். கிட்டப் போகும்போதெல்லாம் அதற்காகத்தான் வருகிறீர்கள் என்று அவர் நினைத்தால், தேத்தண்ணி கொண்டுபோய்க் கொடுத்தாலும் பயப்படுவார்.

அம்மாவிடம் பேச வேண்டியது நீங்கள்தான், மனைவியல்ல. பேரப்பிள்ளைகளை இத்தனை வருடம் காத்ததற்கு மனைவியின் முன்னால் அம்மாவுக்கு நன்றி சொல்லுங்கள். பிறகு தனியாக, செய்வினைப் பேச்சு இந்த வீட்டில் இனி வேண்டாம் என்று உறுதியாகச் சொல்லிவிடுங்கள். உழைத்துக் களைத்து வந்த பெண்ணைப் பார்த்து ‘இவளுக்கு ஏதோ பிடிச்சிருக்கு’ என்று கோடாங்கி தேடுவது அவருக்கு எவ்வளவு வலிக்கும்! அதோடு, மகன் செய்த தவறு அந்தப் பேச்சில் சுலபமாக மறைந்துபோகிறது.

குடியைப் பற்றி ஒரே விஷயம். வாரத்தில் ஓரிரு நாள்தான் என்றால் கொப்பி கொடுக்கும் நாளிலிருந்து நிறுத்துங்கள். தினமும், அதுவும் காலையில் கை நடுங்கும் அளவுக்குக் குடிக்கிறீர்கள் என்றால் திடீரென்று நிறுத்த வேண்டாம். வலிப்பு வரைக்கும் கொண்டுபோகும். ஆதார வைத்தியசாலையில் வைத்தியரைக் கண்டு, மருந்தோடு நிறுத்துங்கள்.

கைநீட்டியதில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அதை நம்பித்தான் இவ்வளவும் சொன்னேன். இதை வாசிக்கும் சகோதரிகளில் யாருக்காவது வீட்டில் அடி விழுகிறது என்றால், இந்த ஆலோசனை உங்களுக்கு இல்லை. உங்களுக்கு முதலில் வேண்டியது பாதுகாப்பு. 1938 பெண்கள் உதவிச் சேவைக்கு எடுங்கள். 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டத்தின்படி நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கேட்க உங்களுக்கு உரிமை இருக்கிறது.

இவ்வளவும் செய்தால் அவர் மனம் திரும்பும் என்று நான் உறுதி தர மாட்டேன். அது அவருடைய மனம். சில மாதம் போகலாம். மறுபடி வெளிநாடு போகிறேன் என்று சொன்னாலும் உடனே ‘போகாதே’ என்று தடுக்காமல், காசுக்காகவா, இந்த வீட்டில் இருக்க முடியாமலா என்று கேளுங்கள். காசுக்காக என்றால் சேர்ந்து உட்கார்ந்து கணக்குப் போடலாம். இரண்டாவது என்றால், உங்களுக்கு எவ்வளவு வலித்தாலும் அந்தப் பதிலை முழுவதும் கேளுங்கள். இனி வரும் வருமானத்துக்கு இருவர் பெயரிலும் ஒரு கணக்குத் திறந்து, ஓட்டோ ஓடும் காசில் மாதாமாதம் காப்பு மீட்க ஒரு தொகையை அவர் கையிலேயே கொடுத்து வாருங்கள்.

கடைசியாக, இந்தப் பதிலை அவருக்குக் காட்டலாமா என்று கேட்டிருந்தீர்கள். காட்டலாம், ஆனால் கொப்பியைக் கொடுத்து, காப்பு விஷயத்தை உங்கள் வாயால் சொன்ன பிறகு. முதலில் இதை நீட்டினால், நீங்கள் சொல்ல வேண்டியதை முகம் தெரியாத ஒருத்தியை வைத்துச் சொல்லவைத்ததாகிவிடும். அவர் வாசித்துவிட்டு எனக்கு ஏதாவது எழுத விரும்பினால் தனியாக எழுதட்டும். அதை உங்களிடம் காட்டமாட்டேன் என்பதையும் அவரிடம் சொல்லுங்கள்.